ஆட்டிப் பார்த்தால் ஸ்டெப்னி அசையக் கூடாது

டிக்கியைத் திறந்து விரிப்பைத் தூக்குங்கள். ஸ்டெப்னியின் ஓரத்தை இரண்டு கையாலும் பிடித்து ஒரு ஆட்டு ஆட்டுங்கள். மயிரிழைகூட அசையக் கூடாது. அசைந்தால், இத்தனை நாளாகப் பின்பக்கம் வந்துகொண்டிருந்த ‘கடக் கடக்’ சத்தம் எங்கிருந்து வந்தது என்று தெரிந்துவிடும். இந்தச் சத்தத்தைச் சஸ்பென்ஷன் கோளாறு என்று நினைத்து புஷ், லிங்க் ராடு என வரிசையாக மாற்றிக்கொண்டு போகிறவர்கள் நிறையப் பேர். முதலில் பார்க்க வேண்டிய இடம் ஸ்டெப்னிக் குழிதான். பார்க்கப் பைசா செலவில்லை.

சத்தத்தோடு போனால் பரவாயில்லை. டயர் ஏற்றும் 15 அங்குல இரும்பு டிஸ்க்கும் டயரும் சேர்ந்தால் ஏறக்குறைய 15 கிலோ இருக்கும். பலமான மோதலில், வண்டிக்குள் இருக்கும் எந்தப் பொருளும் தன் எடையைப் போல் இருபது மடங்கு விசையோடு முன்னே பாயப் பார்க்கும். அப்படியானால் அந்தச் சக்கரத்தைப் பிடித்து நிறுத்த 300 கிலோ தாங்கும் பிடி வேண்டும். ஸ்டெப்னியை டிக்கித் தரையில் சும்மா கிடத்தி, மேலே பெட்டிகளை அடுக்கிவிட்டுக் குடும்பத்தோடு ஊருக்குக் கிளம்புகிறவர்கள், பின்சீட்டில் யார் உட்கார்ந்திருக்கிறார்கள் என்று ஒரு முறை நினைத்துப் பார்க்கலாம்.

(ஸ்டெப்னி என்பது ஒரு தெருவின் பெயர். வேல்ஸின் லனெத்லி ஊரில் டேவிஸ் சகோதரர்கள் 1904 வாக்கில் விற்கத் தொடங்கிய மாற்றுச் சக்கரத்துக்கு, கடை இருந்த தெருவின் பெயரையே வைத்தார்கள். ஆரக்கால் இல்லாத வெறும் வளையமும் டயரும்தான் அது. பஞ்சரான சக்கரத்தின் பக்கவாட்டில் கவ்விப் பிடிக்கும்படி மாட்டுவார்கள். கவ்வும் பிடிதான் அந்தச் சரக்கின் உயிர்நாடி.)

டிக்கிக்குள் இருந்தால்

பெரும்பாலான சின்ன கார்களில் ஸ்டெப்னி டிக்கித் தரைக்கு அடியில் ஒரு குழியில் படுத்திருக்கும். நடுத் துளை வழியே ஒரு நீளப் போல்ட் இறங்கி, தரையில் வெல்டிங் செய்த நட்டில் மரை ஏறும். இதில் தப்பு நடப்பது இரண்டு இடங்களில்.

முதலாவது, மரை. போல்ட்டைச் சாய்வாக நுழைத்து அழுத்தித் திருகினால் தரையிலுள்ள நட்டின் மரை தேய்ந்துவிடும். அந்த நட்டு உடலோடு வெல்டிங் ஆனது. மாற்றுவது லேசான வேலையில்லை. போல்ட்டை நட்டில் உட்கார வைத்ததும் முதலில் இடப்பக்கமாக ஒரு அரைச் சுற்றுத் திருப்புங்கள். மரை ஒன்றின் மேல் ஒன்று ‘டக்’ என்று விழுவது கைக்குத் தெரியும். அதன்பின் வலப்பக்கம் திருகினால் நேராக ஏறும். கையால் இறுகும்வரை திருகி, மேலே கால் சுற்று போதும்.

இரண்டாவது, போல்ட்டின் தலையிலுள்ள கூம்பு வடிவப் பிடி. பல கார்களில் இது கவிழ்த்துப் போடக்கூடியது. ஒரு பக்கம் இரும்பு டிஸ்க்குக்கு, மறுபக்கம் அலாய் வீலுக்கு. பஞ்சரான அலாயைக் குழிக்குள் போட்டு, கூம்பைத் திருப்பாமல் இறுக்கினால், இறுகியதுபோலத் தெரியும். பத்து கிலோமீட்டரில் தளர்ந்துவிடும்.

பல சிஎன்ஜி கார்களில் குழி இருக்கும் இடத்தைச் சிலிண்டர் பிடித்துக்கொள்கிறது. ஸ்டெப்னியை அருகே நிமிர்த்தி வைத்துத் தாங்கியில் கட்டுவார்கள். கம்பெனித் தாங்கியென்றால் கவலையில்லை. வெளியே கிட் மாட்டிய வண்டிகளில் ஒரு நைலான் கயிறோ பெல்ட்டோ மட்டும் இருக்கும். அந்த இடத்தில் உடலோடு போல்ட் போட்ட இரும்புத் தாங்கி வேண்டும். சிலிண்டரின் வால்வு மேலோ குழாய் மேலோ சக்கரம் உரசாத இடைவெளியும் வேண்டும்.

குழியில் தண்ணீர் நிற்கிறதா என்றும் பாருங்கள். டெயில் லைட்டின் கேஸ்கெட், டிக்கிக் கதவு ரப்பர், பம்பருக்குப் பின்னால் மறைந்திருக்கும் காற்றுப் போக்கி, கூரை ஆன்டெனாவின் அடிப்பாகம் என நான்கு வழியில் தண்ணீர் வரும். ஒருவர் டார்ச்சோடு டிக்கிக்குள் உட்கார்ந்து கதவை மூடிக்கொள்ள, இன்னொருவர் வெளியே குழாயைக் கீழிருந்து மேலாகப் பிடித்து வந்தால் பத்து நிமிடத்தில் கண்டுபிடித்துவிடலாம். குழியின் அடியில் ரப்பர் அடைப்பான் இருக்கும்; அதைப் பிடுங்கினால் தேங்கியது வடியும். வடிந்ததும் மறக்காமல் திரும்ப அடையுங்கள். திறந்து விட்டால் அடுத்த மழையில் சாலைத் தண்ணீர் அந்த வழியாகவே உள்ளே ஏறும்.

வண்டிக்கு அடியில் தொங்கினால்

இன்னோவா போன்ற பெரிய வண்டிகளில் ஸ்டெப்னி பின்பக்கம் அடியில், ஒரு இரும்புக் கேபிளிலோ செயினிலோ தொங்கும். டிக்கித் தரையிலோ பம்பர் ஓரத்திலோ ஒரு துளை. அதன் வழியே ஜாக்கிக் கம்பியை விட்டுத் திருப்பினால் உள்ளே ஒரு சிறிய சுருள் இயந்திரம் கேபிளை இறக்கும், ஏற்றும். இடப்பக்கம் திருப்பினால் இறங்கும், வலப்பக்கம் ஏறும். கேபிளின் நுனியில் ஒரு தட்டு. அது டிஸ்க்கின் நடுத் துளைக்குள் சாய்ந்து நுழைந்து, மறுபக்கம் குறுக்கே படுத்துத் தாங்கும்.

மொத்த வண்டியிலும் அதிகம் கெடுகிற, ஆனால் யாரும் தொடாத பகுதி இதுதான். சேறு, தண்ணீர், கடற்கரைச் சாலையென்றால் உப்புக் காற்று எல்லாம் நேராக இதன் மேல்தான் அடிக்கும். மூன்று வருடம் இறக்காமல் விட்டால் கேபிள் சுருள் துருப்பிடித்து ஒட்டிக்கொள்ளும். அது தெரியவருவது பஞ்சரான ராத்திரியில்.

ஆறு மாதத்துக்கு ஒரு முறை முழுக்க இறக்குங்கள். வண்டியைச் சமதளத்தில் நிறுத்தி, ஹேண்ட் பிரேக் போட்டு, சக்கரம் தரையில் படும்வரை கம்பியைத் திருப்புங்கள். சக்கரத்துக்கு அடியில் கையோ தலையோ கூடாது. இறக்குமுன் டிஸ்க்கின் எந்தப் பக்கம் மேலே இருந்தது என்று சாக்பீஸால் குறித்து வையுங்கள். இது வண்டிக்கு வண்டி மாறும். தலைகீழாக ஏற்றினால் டயர் சேஸிஸில் (வண்டியின் அடிச்சட்டம்) சரியாகப் பதியாது. மேல்நோக்கி இருந்த பக்கத்தின் குழிவில் சேறும் கல்லும் கட்டியாக இருக்கும். அதைக் கழுவாமல் விட்டால் ஈரம் அங்கேயே நின்று, டயரும் டிஸ்க்கும் சேரும் விளிம்பு துருப்பிடித்துக் காற்று மெல்லக் கசியும்.

கேபிளைத் துணியால் துடைத்து, தட்டோடு சேரும் இடத்தை உற்றுப் பாருங்கள். இழை அறுவது முதலில் அங்கேதான். ஒரு இழை அறுந்திருந்தாலும் சுருள் இயந்திரத்தை முழு செட்டாக மாற்ற வேண்டும். கேபிளை முடிச்சுப் போடுவது, கிளாம்ப் அடிப்பது எல்லாம் பின்னால் வரும் பைக்காரரின் தலையில் சக்கரத்தை இறக்கி விடுகிற வேலை. நன்றாக இருந்தால் கேபிளுக்கு மெல்லிய ஸ்பிரே எண்ணெய் அடித்து, வழிவதைத் துடைத்துவிடுங்கள். கிரீஸை அள்ளிப் பூசினால் அது மணலைப் பிடித்து வைத்து அரம்போலத் தேய்க்கும்.

ஏற்றும்போது அவசரம் வேண்டாம். சக்கரம் ஒரு சாண் உயர்ந்ததும் நிறுத்தி, தட்டு டிஸ்க்கின் துளையில் எல்லாப் பக்கமும் சமமாகப் படிந்திருக்கிறதா என்று பாருங்கள். கோணலாக இருந்தால் ஒரு ஓரம் மட்டும் எடையைத் தாங்கி நாளடைவில் வளையும். சேஸிஸைத் தொட்ட பிறகும் கம்பி நன்றாகக் கனக்கும்வரை திருப்புங்கள். சில வண்டிகளில் ‘கிளிக்’ என்று சத்தம் வரும். பிறகு டயரைப் பிடித்து மேலும் கீழும், பக்கவாட்டிலும் அசைத்துப் பாருங்கள். தளர்வாக விட்டால் ஒவ்வொரு பள்ளத்திலும் சக்கரம் துள்ளி, கேபிளை ஒவ்வொரு இழையாக அறுக்கும். இறங்கி விழுகிற ஸ்டெப்னிகளில் பல இப்படி அறுந்தவைதான்.

பஞ்சர் கடையில் காற்றுத் துப்பாக்கியால் ‘டர்ர்’ என்று ஏற்ற முன்வருவார்கள். விடாதீர்கள். உள்ளேயிருக்கும் பல்சக்கரம் கைவேகத்துக்குச் செய்தது. துப்பாக்கியின் அடி தாங்காமல் பல் உடைந்தால் வெளியே தெரியாது.

ஏற்கெனவே இறுகிப்போயிருந்தால், துருவை இளக்கும் எண்ணெயை அடித்து ஒரு ராத்திரி விட்டு, மறுநாள் சற்று ஏற்றி, சற்று இறக்கி முயலுங்கள். கம்பியின் நுனியில் நீளக் குழாய் மாட்டி நெம்பினால் கம்பிதான் முறுக்கிக்கொள்ளும். அடியில் ஜாக்கியைக் கொடுத்துச் சக்கரத்தின் எடையைத் தாங்கினால் பல நேரம் சுருள் விடுபடும். அதற்கும் அசையவில்லையென்றால், ஜாக்கி தாங்கிய நிலையிலேயே கேபிளை அறுத்து இறக்கிப் புதுசு மாட்டுவதுதான் வழி.

பின்கதவில் இருந்தால்

பொலேரோ, தார் மாதிரி பின்கதவில் மாட்டும் வண்டிகளில் எடை முழுவதும் கதவுக் கீலில் நிற்கிறது. கம்பெனி கொடுத்ததைவிடப் பெரிய டயர் போட்டால் நான்கைந்து கிலோ கூடும். அதனால் கதவு தொங்கி, பூட்டு கஷ்டப்பட்டு விழும். ரப்பர் ஸ்டாப்பர்கள் கதவை நெருக்கிப் பிடிக்கின்றனவா என்று பாருங்கள். தேய்ந்தவற்றை மாற்றினால் கதவின் நடுக்கம் பாதி அடங்கும். தாங்கியின் நட்டுகளைச் சர்வீஸுக்கு ஒரு முறை இறுக்குங்கள். திருட்டுப் பூட்டு நட்டு போட்டால் அதன் சாவியை வண்டியிலேயே, ஜாக்கியோடு வையுங்கள். வீட்டு அலமாரியில் பத்திரமாக இருக்கும் சாவியால் நடு ரோட்டில் பயனில்லை.

காற்று, வயது, நட்டு

நல்ல டயரிலும் மாதத்துக்கு ஏறக்குறைய ஒரு பிஎஸ்ஐ (காற்றழுத்த அலகு) குறையும். ஓடும் சக்கரங்களுக்கு 33 என்றால் ஸ்டெப்னிக்கு 38 வையுங்கள். ஆறு மாதம் கழித்தும் மாட்டக்கூடிய அளவில் இருக்கும். டயரின் பக்கவாட்டில் அச்சிட்ட உச்ச அளவைத் தாண்ட வேண்டாம். ஒல்லியான தற்காலிக ஸ்டெப்னி என்றால் கணக்கே வேறு: அதற்கு 60 பிஎஸ்ஐ. பங்க்கில் காற்றடிக்கும் பையன் பழக்கத்தில் 35 வைத்து மூடிவிடுவான். பக்கத்தில் நின்று சொல்லுங்கள். அதில் மணிக்கு 80 கிலோமீட்டருக்கு மேல் போகக் கூடாது. முன்சக்கர இழுவைக் காரில் முன்டயர் பஞ்சரானால், பின்னாலுள்ள நல்ல சக்கரத்தை முன்னே மாற்றி, ஒல்லியானதைப் பின்னே மாட்டுவது நல்லது. அளவு மாறிய சக்கரம் முன்னே இருந்தால் டிஃபரன்ஷியல் (இரு சக்கரங்களையும் வெவ்வேறு வேகத்தில் சுழல விடும் பல்சக்கரத் தொகுப்பு) இடைவிடாமல் உழைக்கும், பிரேக்கும் ஒரு பக்கம் இழுக்கும்.

டயரின் வயதைப் பக்கவாட்டிலுள்ள நான்கு இலக்க எண் சொல்லும். 2319 என்றால் 2019-ம் ஆண்டின் 23-வது வாரம். ஓடாத டயரும் கிழடாகும். ஆறு வருடம் தாண்டினால் வருடத்துக்கு ஒரு முறை வெடிப்பு பாருங்கள். பத்து வருடமானால் கட்டை (தரையைத் தொடும் ரப்பரின் தடிமன்) எவ்வளவு இருந்தாலும் தூக்கிப் போடுங்கள். ஐந்தும் ஒரே அளவாக இருந்தால் 10,000 கிலோமீட்டருக்கு ஒரு முறை ஸ்டெப்னியையும் சுழற்சியில் சேர்ப்பதுதான் சிறந்த பராமரிப்பு. முன்சக்கர இழுவையென்றால்: முன் இடது பின் இடது பக்கத்துக்கு, பின் இடது முன் வலது பக்கத்துக்கு, முன் வலது ஸ்டெப்னியாக, ஸ்டெப்னி பின் வலது பக்கத்துக்கு, பின் வலது முன் இடது பக்கத்துக்கு. ஒரே திசையில் ஓடும் டயருக்கு இது பொருந்தாது.

வெளியே வாங்கிய அலாய் போட்டவர்கள் ஒன்றைக் கட்டாயம் சோதிக்க வேண்டும். அலாயின் நட்டோ போல்ட்டோ இரும்பு ஸ்டெப்னியில் சரியாகப் பதிகிறதா? கூம்பு அடியுள்ள நட்டு ஒரு வகை, உருண்டை அடியுள்ளது இன்னொரு வகை. மாற்றி மாட்டினால் ஒரு கோட்டில் மட்டும் தொட்டு, ஓட ஓடத் தளரும். கெட்டியான அலாய்க்கு வாங்கிய நீளப் போல்ட், மெல்லிய இரும்பு டிஸ்க்கில் உள்ளே அதிகம் நீண்டு பிரேக் பாகங்களில் இடிக்கும். பழைய நட்டு செட்டை எடைக்குப் போடாமல், ஒரு துணிப்பையில் கட்டி ஸ்டெப்னிக் குழியிலேயே வையுங்கள்.

சக்கர நட்டை இறுக்கும் அளவு வண்டியின் கையேட்டில் இருக்கும். டொயோட்டாவில் பெரும்பாலும் 103 நியூட்டன் மீட்டர், ஹோண்டாவில் 108, ஃபோக்ஸ்வாகனில் 120. கால் மீட்டர் ஸ்பேனரின் நுனியில் 40 கிலோ அழுத்தினால் ஏறக்குறைய 100 வரும். ஸ்பேனர் மேல் ஏறிக் குதிப்பதெல்லாம் ஸ்டட்டை (நட்டு ஏறும் மரைத் தண்டு) முறிக்கத்தான். மரைக்கு எண்ணெய் விடக் கூடாது. அந்த அளவுகள் உலர்ந்த மரைக்கானவை. மாட்டிய பின் 50 கிலோமீட்டர் ஓடியதும் மறுபடி இறுக்கிப் பாருங்கள்.

ஜாக்கி கடகடத்தால், அதன் திருகைக் கையால் சுற்றி, தாங்கிக்குள் முட்டி நிற்கும் அளவுக்கு விரித்து விடுங்கள். பல கார்களில் ஜாக்கியைப் பிடித்து வைக்கும் முறையே அதுதான். திருகுக்கு வருடம் ஒரு முறை கிரீஸ்.

ஒல்லி ஸ்டெப்னியை மாட்டியதும், கழற்றிய பெரிய சக்கரம் அந்தக் குழியில் அடங்காது. அதைத் தரையில் படுக்க வைத்து, டிக்கியின் கொக்கிகளில் பெல்ட்டைக் கோர்த்து, டிஸ்க்கின் துளை வழியே விட்டு இழுத்துக் கட்டுங்கள். பெல்ட் இல்லையென்றால் பின்சீட்டுக்கும் முன்சீட்டுக்கும் இடையிலுள்ள கால் வைக்கும் இடத்தில் நிறுத்தி, முன்சீட்டைப் பின்னுக்குத் தள்ளி நெருக்கிவிடுங்கள்.