ஈப்போவுக்குப் போன நாள்காட்டி

"நாளையிலிருந்து வர வேண்டாம்க்கா" என்று சூப்பர்வைசர் போனில் சொன்னபோது நான் கிளினிக்கில் மருந்துக்காக நின்றுகொண்டிருந்தேன். இரண்டு நாள் எம்சி (மருத்துவ விடுப்புச் சீட்டு) எடுத்திருந்தேன், அவ்வளவுதான். மறுநாள் போனால் ஒரு தாளை நீட்டி, கடைசிச் சம்பளம் வேண்டுமானால் கையெழுத்துப் போடச் சொன்னார். தாள் முழுக்க மலாய். அதில் ஒரு சொல் மட்டும் கண்ணில் பட்டது: சுக்காரெலா. பள்ளியில் கோத்தோங் ரோயோங் (எல்லாரும் கூடிச் செய்யும் துப்புரவுப் பணி) வைக்கும்போது ஒட்டுகிற நோட்டீஸில் பார்த்துப் பழகிய சொல். தானாக முன்வந்து என்று பொருள். நானே வேலையை விடுகிறேன் என்று எழுதி வைத்திருக்கிறார்கள். பேனாவை மேசையில் வைத்துவிட்டு வந்துவிட்டேன்.

மலேசியாவில், சுங்கை சிப்புட்டில் ஓர் அரசாங்கப் பள்ளியில் எட்டு வருஷமாகக் கூட்டித் துடைக்கிறேன். நாள் சம்பளம் 65 வெள்ளி (ரிங்கிட்) 38 காசு. கவர்மெண்ட் வேலை என்றுதான் சொந்தக்காரர்களிடம் சொல்லிக்கொண்டிருந்தேன். அந்த நினைப்பில் பள்ளி அலுவலகம், அங்கே இங்கே என்று அலைந்ததில் 23 நாள் போய்விட்டது.

மகள்தான் கைப்பேசியில் என் இபிஎஃப் (ஊழியர் சேமநிதி) கணக்கைத் திறந்து காட்டினாள். முதலாளி என்ற இடத்தில் பள்ளியும் இல்லை, கல்வி அமைச்சும் இல்லை. எட்டு வருஷத்தில் மூன்று கம்பெனிகளின் பெயர். பள்ளியைச் சுத்தம் செய்யும் டெண்டர் வேறு கம்பெனிக்கு மாறும்போது எங்கள் சட்டையின் நிறம் மாறும். அதே ஆள், அதே துடைப்பம், சர்வீஸ் மட்டும் மறுபடி முதலிலிருந்து. இப்போதைய கம்பெனியில் எனக்கு இரண்டு வருஷம் எட்டு மாதம்தான்.

விசாரித்தபோது தெரிந்தது: 1967ஆம் ஆண்டு தொழிலியல் உறவுச் சட்டத்தின் 20ஆம் பிரிவில், காரணமில்லாமல் நீக்கப்பட்டவர் 60 நாளுக்குள் எழுதிக் கொடுத்து வேலையைத் திரும்பக் கேட்கலாம். நாள் சம்பளக்காரருக்கும் அது உண்டு, கட்டணமும் கிடையாது. ஞாயிறு, தீபாவளி எல்லாம் அந்த 60இல் சேர்த்திதான். வேலை இழப்புக் காப்புறுதிக்கு சொக்சோவில் (சமூகப் பாதுகாப்பு நிறுவனம்) மனுப் போடவும் அதே 60 நாள்தான்.

என் நாத்தனார் மஜ்லிஸில், அதாவது ஊராட்சி மன்றத்தில், நாள் கூலிக்குத் தெரு கூட்டுகிறாள். அவளுக்கு இந்த வழி இல்லை. அரசாங்கத்திடமும் ஊராட்சி மன்றத்திடமும் நேராக வேலை செய்பவர்களை அதே சட்டத்தின் 52ஆம் பிரிவு பொதுவாக வெளியே நிறுத்திவிடுகிறது. அவளை நீக்கினால் மூன்று மாதத்துக்குள் உயர் நீதிமன்றத்தில் நீதித்துறை மறுஆய்வு கேட்க வேண்டும். வக்கீல் செலவு யார் தருவது? "நான் கவர்மெண்ட் ஆளுன்னு உங்களுக்கு என் மேல பொறாமையா இருந்திச்சே அண்ணி" என்று சிரித்தாள்.

41ஆம் நாள் பஸ் பிடித்து ஈப்போவில் தொழிலியல் உறவு இலாகாவுக்குப் போனேன். கையில் சம்பளச் சீட்டுகள், எம்சி, சூப்பர்வைசர் வாட்ஸ்அப்பில் அனுப்பிய குரல் பதிவு. அப்புறம் மளிகைக்கடையில் கொடுத்த நாள்காட்டி. வேலைக்குப் போன நாளில் ராகுகாலத்துக்குப் பக்கத்தில் "வே" என்று எழுதுவேன். இது அம்மா வழக்கம். தோட்டத்தில் செக்குரோலில் (வருகைப் பதிவேட்டில்) ஒரு நாள் குறைந்தால் அம்மா தன் நாள்காட்டியோடு கிராணி (தோட்டக் குமாஸ்தா) முன்னால் போய் நின்றுவிடுவார்.

சமரசப் பேச்சுக்கு வக்கீல் வரக்கூடாது. கம்பெனி சார்பில் ஃபைலோடு ஒரு தம்பி வந்திருந்தார். "அவரே விலகிட்டாரு" என்றார். கடிதம் எங்கே என்று அதிகாரி கேட்டார். அந்தத் தம்பி ஃபைலை முன்னும் பின்னும் புரட்டினார். கையெழுத்தில்லாத தாள்தான் இருந்தது. நான் நாள்காட்டியை விரித்ததும் அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அதிகாரி சிரிக்கவில்லை. மாதம் மாதமாகச் சம்பளச் சீட்டோடு ஒப்பிட்டுப் பார்த்தார். ஒரு மாதம் சீட்டில் 24 நாள், என்னிடம் 25. அது அன்று வரை எனக்கே தெரியாது.

அதிகாரி தீர்ப்புச் சொல்ல மாட்டார். ஒத்துவராவிட்டால் தலைமை இயக்குநர் வழியாக வழக்கு தொழிலியல் நீதிமன்றத்துக்குப் போகும். அங்கே ஜெயித்தால் 24 மாதம் வரை பின்சம்பளம் கிடைக்கலாம். முன்பு அமைச்சர் பார்த்து அனுப்ப வேண்டியிருந்தது, 2021இலிருந்து அது இல்லை. இதைக் கேட்டதும் அந்தத் தம்பி போனை எடுத்துக்கொண்டு வெளியே போனார்.

இரண்டாவது சந்திப்பில் முடிந்தது. வேறு பள்ளியில் அதே சம்பளம், சர்வீஸ் அறுபடாது, வேலையில்லாத நாட்களுக்குப் பாதிச் சம்பளம். முழுதும் கேட்டிருக்கலாம் என்று மகளுக்கு இன்னும் கோபம். நீதிமன்றம் என்றால் எத்தனை மாதமோ, எனக்கு வீட்டு வாடகை இருந்தது. கையெழுத்துப் போடும் முன் ஒவ்வொரு வரியையும் வாசிக்கச் சொல்லிக் கேட்டேன்.

இந்த டெண்டர் இன்னும் இரண்டு மாதத்தில் முடிகிறது. அதோடு ஆட்களை நிறுத்தினால், ஒரே கம்பெனியில் இரண்டு வருஷத்துக்கு மேல், ஐந்து வருஷத்துக்குள் சர்வீஸ் என்றால் ஆறு வார நோட்டீஸ், வருஷத்துக்கு 15 நாள் சம்பளம் பணிநீக்க ஈட்டுத்தொகை. எனக்கும் கூட இருக்கும் நான்கு பேருக்கும் அதைக் கொடுப்பார்களா என்று கம்பெனிக்குப் பதிவுத் தபாலில் கேட்டிருக்கிறேன். பதில் வரவில்லை. தபால் ரசீது நாள்காட்டி ஆணியில் குத்தியிருக்கிறது.