மூன்றாவது தடவையும் பொம்மை வெட்டி வெட்டி ஆடுகிறது

பழைய மௌனப்படப் பிரதி ஒன்றை ஸ்கேன் செய்து, கணினியில் சரியான வேகத்தில் ஓடவைக்கப் பார்க்கிறேன். படம் 1914-இன் கீஸ்டோன் ஸ்டுடியோ ஒரு ரீல், 'மேபல்ஸ் மேரீட் லைஃப்'. மனைவி மேபல் நார்மண்ட் வாங்கி வைத்த குத்துச்சண்டைப் பொம்மையை, குடித்துவிட்டு வரும் சாப்ளின், அவளிடம் வாலாட்டிய மாக் ஸ்வெயின் என்றே நினைத்து மல்லுக்கு நிற்பாரே, அந்த இடம். தஞ்சாவூர் பொம்மை மாதிரி அடி கனத்த உருப்படி. தள்ளினால் திரும்பி வந்து அறையும். அந்த ஆட்டம் சீராக இல்லையென்றால் சிரிப்பே வராது.

16 எம்எம் பிரதி 600 அடி என்றதுமே உஷாராகியிருக்க வேண்டும். ஒரு ரீல், 35 எம்எம்மில் ஆயிரம் அடி என்றால் 16,000 ஃப்ரேம். 16 எம்எம்மில் அது 400 அடிதான். மிச்சம் 200 அடி ஸ்ட்ரெச் பிரிண்டிங்: விநாடிக்கு 24 ஃப்ரேம் வேகத்தில் ஓட்ட, ஒன்றுவிட்டு ஒன்றை இரட்டித்து அச்சடித்தது. 1, 2, 2, 3, 4, 4 என்று போகும். விற்றவர் அடிக்கணக்கில் காசு வாங்கிவிட்டார்!

இரட்டையை எடுக்க எஃப்எஃப்எம்பெக் என்ற வீடியோ மென்பொருளின் டெசிமேட் ஃபில்டர், சைக்கிள் 3, அதாவது மூன்றுக்கு ஒன்று. மூன்றில் எது முந்தையதோடு அதிகம் ஒத்துப்போகிறதோ அதைத் தூக்கும். பொம்மை ஆட்டத்தின் கோடியில் திரும்புமுன் ஒரு கணம் நிற்கிறது பாருங்கள், அங்கேதான் வினை. அசல் ஃப்ரேம்களே அங்கே ஒன்றுபோல இருக்கும். இரட்டையிலோ தூசியும், கேட்டில் (ஃபிலிமைப் பிடிக்கும் சட்டம்) வரும் ஆட்டமும் வேறு. ஃபில்டர் நல்லதைத் தூக்கிவிட்டு இரட்டையை வைத்துக்கொள்கிறது.

ஆகவே முதலில் ஃபிலிம் ஓரத் துளையைப் பிடித்து, படம் ஆடாமல் ஸ்டெபிலைஸ், அப்புறம்தான் மற்றது. அதுவும் பாதிதான் தீர்த்தது. முழுத் தீர்வு கைவேலை: ஃபிலிமை வெட்டி ஒட்டிய ஒவ்வொரு ஒட்டிலும் துண்டாக்கி, கை வேகமாக வீசும் இடத்தில் எது இரட்டை என்று கண்ணால் பார்த்து, அதிலிருந்து மூன்றுக்கு ஒன்றாக எண்ணிக் கழிக்க வேண்டும். ஒட்டு தாண்டினால் எண்ணிக்கை மாறும்; தொடர்ந்து எண்ணினால் போச்சு. டைட்டில் கார்டை இதில் சேர்க்கவே வேண்டாம், ஒரே ஃப்ரேமை நிறுத்திக்கொள்ளலாம்.

ஓட்டும் வேகம் விநாடிக்கு 20 ஃப்ரேம். 60 ஹெர்ட்ஸ் திரையில் ஃப்ரேமுக்கு மூன்று புதுப்பிப்பு, கச்சிதம். ஆயிரம் அடிக்கு 13 நிமிடம் 20 விநாடி. 18 வைத்தால் 3, 3, 4 என்று நொண்டும். 16-இல் சண்டை செத்துவிடுகிறது. கேமராவை மெதுவாகச் சுற்றியதே வேகமாகக் காட்டத்தானே. பக்கத்து ஃப்ரேம்களைக் கலக்கும் பிளெண்டிங் பக்கமே போகாதீர்கள், பொம்மைக்கு நாலு கை முளைக்கும்.

அடுத்து சார்லி சேஸின் 'மைட்டி லைக் எ மூஸ்' (1926): கணவன் பல்லையும் மனைவி மூக்கையும் ரகசியமாகச் சரிசெய்துகொண்டு, ஆள் தெரியாமல் ஒருவரையொருவர் மயக்கும் கதை. இரண்டு ரீல், 800 அடிக்கு மேல் சொன்னால் இந்த முறை வாங்குவதாக இல்லை. அதற்கு முன் பொம்மைச் சண்டையில் நான்கு துண்டு பாக்கி. கடைசி இரண்டில் டேப் ஒட்டு கேட்டில் குதிக்கிறது, பிரித்து சிமெண்ட் போட்டு மறுபடி ஸ்கேன் செய்ய வேண்டும்.