கல்யாணமே செல்லாது என்றவரிடம் ஜீவனாம்சம் வாங்கிய கதை

"முதல்ல கல்யாணம் செல்லுமா செல்லாதான்னு தீர்ப்பு வரட்டும்மா, ஜீவனாம்சம் எல்லாம் அப்புறம்." கோர்ட் ஊழியர், சொந்தக்காரர்கள், ஏன், ஒரு வக்கீலும் கூட இதையேதான் சொன்னார்கள். அது தவறு. இதே நிலையில் இருப்பவர்களுக்கு உதவட்டும் என்று எழுதுகிறேன். கோபம் இன்னும் ஆறவில்லை என்பதும் உண்மை.

எனக்கு இது இரண்டாம் திருமணம். முதலாவதை எங்கள் சமூக வழக்கப்படி பெரியவர்கள் முன்னால் தீர்த்து, முத்திரைத்தாளில் விடுதலைப் பத்திரம் எழுதிக்கொண்டோம். அந்தப் பத்திரத்தைப் படித்துப் பார்த்துவிட்டுத்தான் இரண்டாவது கணவரின் வீட்டார் சம்மதித்தார்கள். தகராறு வந்ததும், என் முதல் திருமணம் சட்டப்படி ரத்தாகவில்லை, அதனால் எங்கள் திருமணம் செல்லாது என்று அவர் இந்து திருமணச் சட்டம் 11-வது பிரிவில் மனுப் போட்டுவிட்டார். வழக்கப்படியான மணமுறிவை அதே சட்டத்தின் 29-வது பிரிவு ஏற்கிறது. ஆனால் எங்களிடம் அப்படி ஒரு வழக்கம் உண்டு என்பதை நான்தான் சாட்சி வைத்து நிரூபிக்க வேண்டும். அது முடிகிறவரை சாப்பாட்டுக்கு என்ன செய்வது?

முதல் அலைச்சல் இலவச சட்ட உதவியில். முன்மேசையில் இருந்தவர் வருமானச் சான்றிதழ் கேட்டார். இ-சேவை மையம், விஏஓ, ஆர்ஐ என்று நடையாய் நடந்து வாங்கிப் போனால், உள்ளே இருந்த அம்மா "லேடீஸுக்கு இது தேவையே இல்லையே" என்கிறார். சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டம் 12-வது பிரிவுப்படி பெண்களுக்கு வருமான வரம்பு கிடையாது. யாராவது கேட்டால் அந்தப் பிரிவைச் சொல்லுங்கள்.

அங்கே கிடைத்த வக்கீல் அக்கா கெட்டிக்காரர். எந்த வழியில் கேட்பது என்பதில்தான் பலர் மாட்டிக்கொள்கிறார்கள் என்றார். எல்லோருக்கும் தெரிந்த பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டம் 125-ல் (இப்போது பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா 144) போனால், "நீ சட்டப்படியான மனைவியா?" என்ற கேள்வியிலேயே வழக்கு சுற்றும். இந்து திருமணச் சட்டம் 24-வது பிரிவு, வழக்கு நடக்கும் காலத்துக்கு, போதிய வருமானம் இல்லாத தரப்புக்கானது. அவர் போட்ட வழக்கிலேயே இடைக்கால மனுவாகப் போடலாம். ஜீவனாம்சத்தோடு வழக்குச் செலவையும் கேட்கலாம். பலர் அதை விட்டுவிடுகிறார்கள்.

போட்டோம். கோர்ட் அலுவலகம் மனுவுக்கு எண் கொடுத்து ஏற்காமல் (நம்பர் ஆகாமல்) திருப்பி அனுப்பியது: "மனு எவ்வாறு நிலைக்கத்தக்கது?" கூடவே திருமணப் பதிவுச் சான்றிதழ் இணைக்கவில்லை என்று ஒரு குறிப்பு. செல்லுமா என்றுதானே வழக்கே நடக்கிறது! அக்கா பதற்றப்படாமல் சுக்தேவ் சிங் – சுக்பீர் கௌர் வழக்கின் நகலை வைத்துத் திரும்பத் தாக்கல் செய்தார். 2025 பிப்ரவரி 12 அன்று உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வு கொடுத்த தீர்ப்பு அது. திருமணம் செல்லாது என்று நீதிமன்றத்துக்கு மேலோட்டமாகத் தோன்றினாலும் 24-ல் இடைக்கால ஜீவனாம்சம் தரத் தடையில்லை என்று தெளிவாகச் சொல்கிறது. ஆனால் தருவது நீதிபதியின் விருப்புரிமை. கேட்பவரின் நடத்தையையும் பார்ப்பார்கள். முதல் திருமணத்தை மறைத்தேன் என்று அவர் தரப்பு திரும்பத் திரும்பச் சொன்னது இதற்காகத்தான்.

திருப்பி அனுப்பிய தாளைத் தூக்கிப் போடாதீர்கள். முதலில் தாக்கல் செய்த நாளின் முத்திரை அதில்தான் இருக்கும். நம்பர் ஆன தேதியிலிருந்து ஜீவனாம்சம் கணக்குப் போட்டால் போதும் என்று அவர் வக்கீல் வாதாடியபோது அந்த முத்திரைதான் காப்பாற்றியது.

அப்புறம் வாய்தா, வாய்தா, வாய்தா. மனுவின் நோட்டீஸ் எதிர்த்தரப்பு கையில் சேர்ந்த நாளிலிருந்து 60 நாளில் முடிந்தவரை முடிக்க வேண்டும் என்று 24-வது பிரிவே சொல்கிறது. நடைமுறையில் ஒரு நாள் நீதிபதி விடுப்பு, இன்னொரு நாள் வக்கீல்கள் புறக்கணிப்பு. கிளம்பும் முன் இ-கோர்ட்ஸ் செயலியில் சிஎன்ஆர் எண்ணை (ஒவ்வொரு வழக்குக்கும் உள்ள அடையாள எண்) போட்டுப் பார்த்துவிடுங்கள், பஸ் காசாவது மிஞ்சும்.

ரஜ்னேஷ் – நேஹா வழக்கில் 2020-ல் உச்ச நீதிமன்றம் சொன்னபடி, இரண்டு தரப்பும் சொத்து, கடன், வருமானப் பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்ய வேண்டும். அவருடையதில் சம்பளம் பாதியாகச் சுருங்கியிருந்தது. என்னிடம் வீட்டுக்கடன் விண்ணப்ப நகல் இருந்தது. இணைக் கடன்தாரராக நானும் கையெழுத்துப் போட்டது. அதில் அவர் கையாலேயே சம்பளம் எழுதி, என் பெயருக்கு எதிரே 'மனைவி' என்று போட்டிருக்கிறார். நீதிபதி அதை இரண்டு முறை படித்தார். அவர் வக்கீல் கோப்பைப் புரட்டுவதுபோல் குனிந்துகொண்டார். அந்த ஒரு நிமிஷத்துக்காக எத்தனை வாய்தாவும் போயிருப்பேன்.

உத்தரவு வந்தது. கேட்டதில் பாதிக்குக் கொஞ்சம் மேலே, மனுத் தாக்கல் செய்த நாளிலிருந்து, மாதா மாதம் வங்கிக் கணக்கில். வழக்குச் செலவு தனி. சான்றிட்ட நகலுக்கு அன்றே விண்ணப்பித்துவிடுங்கள். நாங்கள் அப்படித்தான் செய்தோம்.

நடப்பு மாதத் தொகை வருகிறது. பழைய நிலுவை வரவில்லை. அதைக் கட்டும்வரை அவருடைய மனுவை மேலே நடத்தக் கூடாது என்று அக்கா ஒரு மனுப் போட்டிருக்கிறார். அதற்கு எதிருரை தாக்கல் செய்ய அவர் தரப்பு அவகாசம் கேட்டிருக்கிறது.