தென்னைக்குத் தேமல் இல்லை

நவம்பர் 9, கல்லடி

காலையில் மழை விட்டதும் கிணற்றடித் தென்னையைப் பார்த்தேன். நேற்றுவரை அடிமரத்தில் சாம்பலாக இருந்த இலைக்கன் வட்டங்கள் எல்லாம் பச்சை கண்டிருந்தன. இலைக்கன் நனைந்தால் அதன் மேல்தோல் தெளிந்து, உள்ளே இருக்கும் அல்கா என்ற பாசியின் பச்சை வெளியே தெரியும். வெயில் ஏறியதும் பழையபடி சாம்பல். "பங்கசு என்ற பூஞ்சணமும் அல்காவும் சேர்ந்து வாழ்வது இலைக்கன்" என்று பாடசாலையில் எழுதிப் புள்ளி வாங்கியிருக்கிறேன். இத்தனை வருடமும் இந்த மரத்தடியில்தான் குளித்தேன், ஒருநாளும் கிட்டப்போய்ப் பார்க்கவில்லை.

நவம்பர் 12

பெரிய மாமா வந்தார். மரத்தைத் தடவிப் பார்த்துவிட்டு, "தேமல் விழுந்திருக்கு மனே. சுரண்டிப்போட்டுச் சுண்ணாம்பு அடிச்சு விடு, இல்லாட்டிக் காய்ப்புக் குறையும்" என்றார். நான் வாய் திறப்பதற்குள் கத்தி முதுகால் ஒரு சாண் அகலத்துக்குச் சுரண்டியும் விட்டார். எனக்கு வயிறு எரிந்தது. ஆனால் மரத்தின்மேல் உள்ள அக்கறையில் செய்தவரிடம் எப்படிக் கோபிப்பது?

தேநீர் குடிக்கும்போது மெதுவாகச் சொன்னேன். இது மரத்தின் சாற்றை உறிஞ்சுவதில்லை. உதிர்ந்த துண்டைப் புரட்டினால் அடியில் கறுப்பு மயிர் போல இருக்கிறதே, அது வேர் அல்ல, பட்டையைப் பற்றிக்கொள்ளும் பிடி. தண்ணீர் மழையிலும் பனியிலும் கிடைக்கிறது. சாப்பாட்டை அல்கா வெயிலில் ஆக்கிக்கொடுக்கிறது. குரும்பட்டி கொட்டினால் உரத்தையும் வண்டையும்தான் பார்க்க வேண்டும். மாமா கேட்டுக்கொண்டிருந்தார், ஒன்றும் சொல்லவில்லை.

நவம்பர் 16

கள்ளக் காசுத்தாள் பார்க்கும் ஊதா வெளிச்ச டோர்ச்சை நண்பனின் கடையில் இரவல் வாங்கி வந்தேன். இரவு எட்டு மணி, முற்றத்து லைற்றை அணைத்துவிட்டு மரத்தில் அடித்தேன். அப்படியே நின்றுவிட்டேன். அடிமரம் முழுக்க வட்டம் வட்டமாக மஞ்சள் சுடர். பக்கத்தில் வெள்ளையாய் ஒட்டியிருந்த வேறொரு வகை இருட்டாகவே கிடந்தது. மாமா சுரண்டிய இடமும் இருட்டு.

அந்த மஞ்சளுக்குக் காரணம் மேல்தோலில் உள்ள லைக்சாந்தோன் என்ற பொருள். இலைக்கனின் ஒடுங்கிய மடல்கள், அவற்றின்மேல் மாவு போன்ற பொடி, இந்த ஒளி மூன்றும் சேர்ந்து வருவதால் இதைப் பிக்சைன் கோக்கோஸ் என்ற இலைக்கன் இனம் என்றே கொள்கிறேன். 1788இல் சுவீடன்காரர் ஒலோஃப் சுவார்ட்ஸ் இந்த இனத்துக்குத் தென்னையை வைத்தே பெயரிட்டார். வெப்ப நாடுகள் பலவற்றிலும் உண்டு. இந்தியாவில் காற்று மாசை அளக்கவும் இதைப் பயன்படுத்துகிறார்கள், காற்றில் வரும் உலோகத் தூசு இதில் சேர்வதால். நம் இலங்கையின் இலைக்கன்களைப் பேராதனைத் தாவரவியல் பூங்காவின் பொறுப்பாளராக இருந்த துவெயிற்ஸ் சேகரித்தார். அவற்றின் பட்டியல் 1870இல் இலண்டனில் அச்சானது.

நவம்பர் 23

1978 சூறாவளி அடித்த நாள். வருடா வருடம் இன்றைக்கு அம்மம்மா அந்தக் கதை சொல்லுவா. வளவில் ஒரு தென்னையும் மிஞ்சவில்லையாம். அடுத்த வருடம் வைத்த பிள்ளைதான் கிணற்றடி மரம். அப்படியென்றால் அதில் உள்ள ஒவ்வொரு வட்டமும் அந்தப் புயலுக்குப் பிறகு வந்து ஒட்டியதுதான். மேலே உள்ள பொடியின் ஒவ்வொரு துகளிலும் பங்கசும் அல்காவும் சேர்ந்தே இருக்கின்றன. காற்றோ மழைநீரோ அதைக் கொண்டுபோய்ச் சேர்த்த இடத்தில் புதிய வட்டம் தொடங்கும். எந்த மரத்திலிருந்து வந்ததோ!

நவம்பர் 30

சுரண்டிய இடத்தின் ஓரத்தில் ஒரு வட்டம் பாதியாய் மிஞ்சியிருக்கிறது. கண்ணாடிப் பொலித்தீனை அதன்மேல் பிடித்து, மார்க்கரால் விளிம்பைக் கீறி எடுத்தேன். அகலமான இடத்தில் 4 சென்ரிமீற்றர். பொலித்தீனின் மூலையில் திகதி எழுதிக் கொப்பிக்குள் வைத்திருக்கிறேன். அடுத்த நவம்பரில் அதே இடத்தில் வைத்துப் பார்க்க வேண்டும். மாமா இன்று வந்தபோது கத்தி கேட்கவில்லை, டோர்ச் எங்கே என்று கேட்டார்.