வசூல் நோட்டில் தெரியாதது

குறுங்கடன் நிறுவனம் ஒன்றில் கள அலுவலராக இருந்தபோது என் குழுக்களில் ஒரு தவணைகூட நிலுவை விழுந்ததில்லை. இந்தப் பெண்களின் தொழில் நன்றாக நடக்கிறது என்பதற்கு வேறென்ன சான்று வேண்டும் என்று நினைத்திருந்தேன்.

இரண்டாம் சுற்றுக் கடனுக்குப் படிவம் நிரப்பும்போது, தையல் மெஷின் வாங்கியிருந்த ஓர் அக்காவிடம் வழக்கமாகக் கேட்காத கேள்வியைக் கேட்டுவைத்தேன். "முதல் தவணையெல்லாம் எதுலருந்துக்கா கட்டினீங்க?"

"நீங்க கொடுத்த பணத்துலயே கொஞ்சம் எடுத்து வெச்சு உங்களுக்குக் கட்டினேன் சார். அது தீர்ந்ததும் இன்னொரு இடத்துல வாங்கினேன்."

கடன் கொடுத்த மறுவாரமே வசூல் தொடங்கிவிடும். தைக்கக் கொடுக்க ஆள் தேடி வர மாதங்கள் ஆகும். கொல்கத்தாவில் நடந்து 2013-ல் வெளியான ஓர் ஆய்வு இதைத்தான் சோதித்தது. முதல் தவணையை இரண்டு வாரத்துக்குப் பதிலாக இரண்டு மாதம் கழித்து வாங்கியபோது, பெண்கள் தொழிலில் கூடுதலாக முதலீடு செய்தார்கள். பின்னாளில் லாபமும் கூடியது. ஆனால் கட்டாமல் விட்டவர்களின் எண்ணிக்கையும் கூடியது. நிறுவனங்கள் தயங்குவதற்குக் காரணம் இல்லாமல் இல்லை.

வாரத் தவணை எல்லோருக்கும் கெடுதலும் அல்ல. காலையில் சரக்குக்குக் கைமாற்று வாங்கி மாலையில் வட்டியோடு திருப்பிக்கொண்டிருந்த காய்கறி வியாபாரி ஒருவர், எங்கள் கடனால் அந்தச் சுழலிலிருந்து வெளியே வந்தார். தினமும் காசு புரள்கிற தொழில் அது.

1976-ல் வங்கதேசத்து ஜோப்ரா கிராமத்தில் குறுங்கடன் முறைக்கு வழிகாட்டிய பேராசிரியர் முகமது யூனுஸ் 42 பேருக்கு மொத்தமாக 27 டாலர் கடன் கொடுத்தபோது ஈடு கேட்கவில்லை. பிறகு ஈட்டின் இடத்தில் குழு வந்து உட்கார்ந்தது. என் வசூல் கூட்டங்களில் ஒருவர் தவணை குறைந்தால் மற்றவர்கள் எழுந்து போக முடியாது. நான் அதட்ட வேண்டியதே இல்லை. அக்கம்பக்கத்தார் முகத்தில் விழிக்க வெட்கப்பட்டே எங்காவது வாங்கிக் கட்டிவிடுவார்கள். அதைத்தான் நான் ஒழுங்கு என்று எழுதிக்கொண்டிருந்தேன்.

வட்டியையும் முழுதாகச் சொன்னதில்லை. 12 விழுக்காடு என்போம். கட்டிய அசலுக்கும் சேர்த்துப் போடுகிற வட்டி அது. குறைகிற அசலுக்குக் கணக்கிட்டால், ஓராண்டு வாரத் தவணையில் 22-ஐத் தாண்டும்.

அந்த அக்காவின் படிவத்தில், கடன் தொகையைக் கூட்டாமல் முதல் தவணைக்கு இரண்டு மாத அவகாசம் கேட்டு எழுதி மேலே அனுப்பினேன். படிவத்தில் அதற்குக் கட்டமே இல்லை என்று திரும்பி வந்தது.