கோட்டைக் கொடிமரம் மாடல், மூணாவது வாரம்

ராத்திரி ஷிப்ட் இல்லாத நாள்லாம் இதான் வேலை. 1941 டிசம்பர், நம்ம பினாங்கு கார்ன்வாலிஸ் கோட்டையில பிரிட்டிஷ் கொடிய இறக்குற காட்சி, 1/72 ஸ்கேல், அதாவது நெசத்துல 72ல ஒரு பங்கு சைஸ். இறக்குனது பட்டாளத்துக்காரன் இல்லீங்க, பத்திரிகைக்காரர். ஸ்ட்ரெய்ட்ஸ் எக்கோ எடிட்டர் மாணிக்கசோதி சரவணமுத்து, இலங்கைத் தமிழர்.

டிசம்பர் 11 ஜப்பான்காரன் பினாங்கு டவுனான ஜார்ஜ்டவுன்ல குண்டு போட்டான், சனங்க பிளேனை வேடிக்கை பாக்க ரோட்டுக்கு வந்து நின்னுருக்காங்க, ஏகப்பட்ட பேர் செத்துப் போயிட்டாங்க. 16ந்தேதி வாக்குல வெள்ளைக்காரங்க அவங்க ஆளுங்கள மட்டும் ராவோட ராவா ஏத்திக்கிட்டு கெளம்பிட்டாங்க, கொடி மட்டும் பறந்துக்கிட்டு இருக்கு. 19ந்தேதி ஜப்பான் உள்ள வந்துட்டான். நடுவுல இருந்த அந்த ரெண்டு மூணு நாளைத்தான் நான் புடிக்கப் பாக்குறேன். அப்புறம் அந்த எடிட்டரையும் ஜப்பான்காரன் ஜெயில்ல போட்டான், அது வேற கதை.

சிக்கல் என்னன்னா 1/72ல கிடைக்கிற பொம்மை எல்லாம் சோல்ஜர்தான், எடிட்டர் பொம்மை எவன் விக்கிறான்? ஒரு சோல்ஜரோட ஹெல்மெட்டை சீவி, துப்பாக்கிய பிளேடால அறுத்து எடுத்தேன், பாத்தா ரெண்டு கையும் எதையோ புடிச்ச மாதிரியே நிக்குது, சரி இதுவும் நல்லதுக்குத்தான்னு அந்தக் கையிலயே தையல் நூலைக் குடுத்து கொடிக்கயிறு ஆக்கிட்டேன். ரெண்டரை சென்டி கூட இல்லாத ஆளு, சட்டைக்கு வெள்ளை அடிக்கவே ஒரு மணி நேரம்.

கொடி டிஷ்யூ பேப்பர்ல வரஞ்சு ஒயிட் கம் தடவினது. ஒட்டி முடிச்ச பெறகுதான் தெரியுது, தலகீழ். கம்பத்துப் பக்கம் மேல அகலமான வெள்ளைக் கோடு வரணுமாம். தலகீழா பறந்தா ஆபத்துன்னு அர்த்தம், ஊரு இருந்த இருப்புக்கு அதுவும் பொருத்தம்தான்னு விட்டுடலாம்னு பாத்தேன், மனசு கேக்கல, பிச்சேன், கிழிஞ்சிடுச்சு. ரெண்டாவது கொடி இப்ப ஓக்கே.

பக்கத்துல இருக்கிற லைட்ஹவுஸ் 21 மீட்டர், அப்போ மாடல்ல 29 சென்டி, அலமாரி தட்டு 25தான். அதைத் தள்ளி வச்சிருக்கேன்.

நேத்து மக வந்து பாத்துட்டு "அரைக்கம்பத்துல இருக்கே, யாருப்பா செத்துட்டாங்க?"ன்னு கேட்டா. நூலைத் தளர்த்தி கொடிய அவர் தோள் வரைக்கும் இறக்கி வச்சிட்டேன், இன்னும் கம் காயல.