14 செக்கன்

எங்கள் எடிட்டிங் அறை கொழும்பு வெள்ளவத்தையில், காலி வீதிக்கும் கடலுக்கும் நடுவில். கரையோரம் கோச்சி (ரயில்) போகும்போதெல்லாம் ஹெட்போனைக் கழற்றிப் பார்ப்பேன், சத்தம் ஃபூட்டேஜிலா வெளியிலா என்று. 16 வருடமாக இதே பழக்கம்.

ஆவணப்படத்தில் பெரும்பாலும் திரைக்கதை கைக்கு வராது, ஹார்ட் டிஸ்க்தான் வரும். மலையகம் பற்றிய ஒரு படத்துக்கு 40 மணிநேரம் எடுத்திருந்தார்கள். போகவேண்டியது 52 நிமிடம். முதல் மூன்று கிழமை ஒன்றையும் வெட்டவில்லை. பார்த்துப் பார்த்துக் குறித்துக்கொண்டேன்: யார், என்ன சொன்னார், எந்த நிமிடம். பலர் இந்த வேலையை உதவியாளரிடம் தள்ளிவிடுவார்கள். நான் கொடுக்கமாட்டேன். எனக்குப் படம் அங்கேதான் கிடைக்கிறது.

ஹட்டன் பக்கத்துத் தேயிலைத் தோட்டமொன்றில், லயன் என்கிற தொழிலாளர் வரிசைவீட்டு வாசலில் ஒரு பாட்டி உட்கார்ந்திருந்தார். இலங்கை, இந்தியப் பிரதமர்கள் செய்த 1964 சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் இந்திய வம்சாவளித் தமிழர் 5 இலட்சத்து 25 ஆயிரம் பேரை இந்தியாவுக்கு என்று எழுதியதே, அந்தக் கணக்கில் போனவர் அவருடைய அக்கா.

"அக்கா கோச்சியில ஏறிருச்சு. நான் கையக் காட்டினேன். அது திரும்பிப் பாக்கல."

அப்புறம் பேச்சில்லை. தேத்தண்ணிக் கோப்பையின் விளிம்பைப் பெருவிரலால் தேய்த்துக்கொண்டே இருந்தார். 14 செக்கன். செக்கனுக்கு 25 ஃபிரேம் என்றால் 350 ஃபிரேம். எங்கோ ஒரு சேவல் கூவியது. பிறகு கெமராவுக்குப் பின்னால் நின்றவர்களைப் பார்த்து, "சரி, குடிங்க, ஆறிடும்" என்றார்.

சவுண்ட் பார்க்கும் சிங்களத் தம்பிக்குத் தமிழ் தெரியாது. 'கோச்சி' மட்டும் விளங்கியிருக்கிறது. அவர்களுக்கும் அது கோச்சியதான். அந்த 14 செக்கனும் அவன் மவுஸைத் தொடவில்லை.

ஒளிபரப்புகிறவர்கள் சுருக்கச் சொன்னார்கள். நான்கு செக்கனாக்கி, வெட்டிய இடம் தெரியாமல் மேலே தேயிலை மலைக் காட்சியொன்றைப் போட்டு மூடினேன். வெட்டு சுத்தம். ஆனால் அக்காவைச் சொன்ன கையோடு "சரி, குடிங்க" வந்து விழுந்தது. பாட்டி யாருடைய கதையையோ சொல்லி முடித்தவர் போல ஆகிவிட்டார். அவருடைய ஒரு சொல்லையும் நான் மாற்றவில்லை. ஆனாலும் அவரைப் பற்றிப் பொய் சொல்லியிருந்தேன். டிவியில் அப்படித்தான் போனது.

சில மாதம் கழித்துத் தோட்டத்தில் திரையிடுவதாகச் சொன்னார்கள். போவதற்கு முதல்நாள் இரவு பழைய புரொஜெக்டைத் திறந்து, மலைக் காட்சியைத் தூக்கிவிட்டு, 14 செக்கனையும் இருந்தபடி வைத்தேன்.

அங்கே திரையில் அவர் பேசாமல் இருந்த நேரம் முழுக்க ஒரு கைக்குழந்தை அழுதுகொண்டிருந்தது. யாரும் எழும்பிப் போகவில்லை.

மாதக்கணக்கில் அந்த முகத்தோடு இருந்த எனக்கு அவர் சொந்தக்காரர் மாதிரி. அவருக்கு நான் யாரோ ஒரு ஆள். படம் முடிந்ததும் என் கையைப் பிடித்துக் கேட்டார்:

"தம்பி எந்தத் தோட்டம்?"

கொழும்பு என்றேன். சாப்பிட்டுவிட்டுத்தான் போகவேண்டும் என்றார்.